மேலிருந்த தாள்

கதவைத் தட்டித் தட்டி விரல்முட்டி சிவந்துவிட்டது. அவள் தட்டுவதை நிறுத்திவிட்டு நெற்றியைக் கதவில் சாய்த்துக்கொண்டாள்.

“அம்மா, மணி ஒண்ணு ஆயிடுச்சு. மூணு மணிக்கு மேல பெட்டிய மூடிடுவாங்க.”

உள்ளே கட்டில் கிரீச்சிட்டது.

தம்பியின் அறை அது. நேற்றிலிருந்து அம்மா அதற்குள்தான் இருக்கிறாள். தண்ணீர் குடிக்க வெளியே வந்தாள், குடித்துவிட்டு மறுபடியும் தாழ் போட்டுக்கொண்டாள்.

முந்தாநாள் மதியம் தம்பி குளியலறையில் விழுந்தான். மருத்துவமனைக்குப் போய்ச் சேர்வதற்குள் முடிந்துவிட்டது. காலில் கட்டிய ரத்தம் நுரையீரலுக்குப் போய் அடைத்துக்கொண்டது என்றார்கள். எழுந்திருக்காமல் நாள் முழுக்க வரைபலகை முன்னால் உட்கார்ந்திருப்பவனுக்கு வரக்கூடியதுதான் என்றார்கள். எழுதியும் கொடுத்தார்கள். அவள் அதை வரிவரியாக அம்மாவுக்குச் சொன்னாள். அம்மா அந்தத் தாளைக் கையால் தொடவில்லை.

“அவனாத்தான் உயிர முடிச்சுக்கிட்டான். நீ மாத்திச் சொல்ற” என்றாள். “எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லாமப் போனவன் முகத்த நான் பாக்க மாட்டேன்.”

கைப்பேசி அதிர்ந்தது. மாமா. காலையிலிருந்து இறுதிச்சடங்குக் கூடத்தில் தனியாக நிற்கிறார்.

“என்னம்மா, கெளம்பியாச்சா?”

“கதவே திறக்கல மாமா.”

“அக்கா சின்ன வயசுலயே அப்படித்தான். கோவம் வந்தா மாடியில போய் உக்காந்துக்குவா. நாங்க சாப்பாட்டுத் தட்டப் படியில வச்சிட்டு ஓடிடுவோம்.”

“சாப்பிடுவாங்களா?”

“தட்டு காலியாயிடும். ஆனா இறங்கி வர மாட்டா.” மாமா குரலைத் தாழ்த்திக்கொண்டார். “இங்க வாசல்ல கருப்புச் சட்ட போட்டுக்கிட்டுப் பசங்க கூட்டமா நிக்கறாங்க. சட்டையில எல்லாம் கதவு கதவாப் படம் போட்டிருக்கு. இந்தக் கூடத்து ஆளுங்கன்னு நெனச்சு, டீ எங்க கிடைக்கும்னு கேட்டுட்டேன்.”

“அவன் புத்தகத்தப் படிக்கறவங்க மாமா.”

“இத்தன பேரா? நான் ஒண்ணுகூடப் படிச்சதில்லையே.” கைப்பேசியை அவர் காது மாற்றிக்கொண்ட சத்தம் கேட்டது. “ஒரு பையன் எப்படி இறந்தார்னு கேட்டான். ரத்தக்கட்டின்னு சொன்னேன். ஏமாந்து போன மாதிரிப் பாத்தான்.”

அவள் சுவரோடு சரிந்து தரையில் உட்கார்ந்தாள். இரண்டு நாளாக எல்லோரும் அப்படித்தான் பார்க்கிறார்கள். அலுவலகத்திலிருந்து வந்தவர்கள், பக்கத்து வீட்டார். ரத்தக்கட்டி என்று அவள் சொல்லி முடித்த பிறகும் எல்லோரும் இன்னும் எதற்கோ காத்திருந்தார்கள்.

தம்பியின் படக்கதைகளில் ஒரு நகரத்தின் வானத்தை ஏதோ ஒன்று மூடிக்கொண்டிருக்கும். அதற்கு முகம் கிடையாது, கண் கிடையாது. கதவுகள் மட்டும். ஒவ்வொரு கதவுக்குப் பின்னாலிருந்தும் யாரோ கதாநாயகனைக் கூப்பிடுவார்கள், ஒவ்வொருவரும் அவன் பெயரை ஒவ்வொரு விதமாகத் தப்பாக. சிறு வயதில் அந்த நகரத்துக்கு வந்து சேர்ந்தவன் அவன். எல்லாக் கூப்பிடலுக்கும் பதில் சொல்லிச் சொல்லி, சரியான பெயர் எதுவென்று அவனுக்கே மறந்துவிடும். படிப்பவர்களுக்கு உடம்பு சில்லிட்டதாம். அவளுக்கு அப்படி ஆகவில்லை. இந்த ஊருக்கு வந்து பள்ளியில் சேர்ந்த முதல் நாள் அவளும் வகுப்பு வாசலில் அவன் பக்கத்தில்தான் நின்றிருந்தாள். ஆசிரியை அவன் பெயரை மூன்று விதமாகப் படித்தார். மூன்றுக்கும் அவன் கையைத் தூக்கினான்.

இது மனநோயைப் பற்றிய கதையா, ஊர் விட்டு வந்ததைப் பற்றியதா என்று ஒருவர் பேட்டியில் கேட்டிருந்தார். தம்பி அதை அவளிடம் சொல்லிச் சிரித்தான். “ரெண்டும் ஒண்ணுதான்க்கா. ரெண்டுலயும் வரிசையில நின்னு, நான் யாருன்னு நிரூபிக்கணும்.”

அவன் நோயில் இருந்த வருடங்களில் மருத்துவருக்கும் அம்மாவுக்கும் நடுவில் அவள்தான் உட்கார்ந்தாள். அம்மாவுக்கு இந்த ஊர் மொழி கடைக்கும் வேலைக்கும் போதுமான அளவுதான் தெரியும். சலவைக்கூடத்து வேலை முடிந்த கையோடு, ஈரத்தில் சுருங்கிய விரல்களுடன் வந்து உட்காருவாள். இல்லாத குரல்கள் அவனுக்குக் கேட்கின்றன, தன்னை யாரோ எடுத்துக்கொண்டு போக வருவதாக நம்புகிறான் என்று மருத்துவர் சொல்வார். அவள் அம்மாவின் பக்கம் திரும்புவாள். “ரொம்ப யோசிக்கறானாம்மா. தூங்கினா சரியாயிடும்னு சொல்றாங்க.” மருத்துவர் அவ்வளவு நேரம் பேசியது தமிழில் இவ்வளவு சின்னதாக ஆகிவிடுமா என்று அம்மா ஒருநாளும் கேட்டதில்லை. அவள் முகத்தையும் மருத்துவர் முகத்தையும் மாற்றி மாற்றிப் பார்ப்பாள்.

இப்போது அவள் முழுதாகச் சொல்கிறாள். அம்மா நம்பவில்லை.

கைப்பேசியில் பதிப்பகத்து அம்மையாரின் செய்தி வந்திருந்தது. கடைசி அத்தியாயத்தை அவன் முடித்துவிட்டதாகச் சொன்னானாம். தாள்கள் பத்திரமாக இருக்கின்றனவா? அவசரமில்லை, மன்னிக்கவும்.

“அம்மா, பதிப்பகத்துல கேக்கறாங்க. அவன் கடைசியா வரைஞ்ச தாளெல்லாம் உள்ளதான் இருக்கா?”

தாழ் விலகியது.

அம்மா கதவிடுக்கில் நின்றாள். தலை கலைந்திருந்தது. “அத யாருக்கும் குடுக்க முடியாது. அது அவன் எனக்கு எழுதி வச்சது.”

“எழுதி வச்சதா?”

“உள்ள வா. நீ படிச்சுச் சொல்ல வேண்டாம். அதுல ஒரு எழுத்துகூட இல்ல. எனக்கே புரியுது.”

சன்னல் ஓரம் மேசைமேல் பெரிய தடித்த தாள்கள் ஒரு அடுக்காக இருந்தன. ஒரு தாளுக்கு ஒரே படம். பேச்சுக் குமிழ் எதுவும் இல்லை. அம்மா மேலிருந்த தாளைத் தொட்டாள்.

“இது நம்ம சமையலறை. அந்தக் குழாய் ஒழுகுறதக்கூடப் போட்டிருக்கான். இது நான். அடுப்புப் பக்கம் திரும்பி நிக்கறேன். வாசப்படியில நிக்கறது அவன்.”

தாளைப் புரட்டிக் கவிழ்த்து வைத்தாள். அடுத்ததில் அந்த உருவம் கதவருகே இருந்தது. அடுத்ததில் மாடிப்படியில். பிறகு தெருவில். முழுக்கக் கருப்பாக நிரப்பிய உருவம், முகம் எந்தப் பக்கம் இருக்கிறதென்று தெரியவில்லை. தாளுக்குத் தாள் அது சிறுத்துக்கொண்டே போனது. கட்டடங்களுக்கு மேலே கதவுகள் தெரிய ஆரம்பித்தன. பிறகு கதவுகள் மட்டும், அவற்றின் நடுவில் எறும்பளவு ஒரு கருப்பு. அடியிலிருந்த கடைசித் தாளில் அதுவும் இல்லை. ஒரே ஒரு கதவு. அதற்குள் இருட்டு.

“போயிட்டான்” என்றாள் அம்மா. அடுக்கைத் திரும்ப நிமிர்த்தி, சமையலறைப் படத்தில் பெண்ணின் முதுகின்மேல் விரலை வைத்தாள். “வாசல்ல நின்னு பாத்துட்டுப் போறான். நான் திரும்பிக்கூடப் பாக்கல. அப்படித்தான வரைஞ்சிருக்கான்? வேற என்ன வேணும் உனக்கு?”

அவளுக்கும் பயமாக இருந்தது. ஒருவேளை அம்மா சொல்வதுதான் சரியோ என்று முதல்முறையாகத் தோன்றியது. கண்ணை எங்கே வைப்பதென்று தெரியாமல் தாளின் ஓரத்தைப் பார்த்தாள். மூலையில் வெளிர்நீலப் பென்சிலில் ஏதோ எழுதியிருந்தது. அச்சில் விழாது என்பதற்காக அவன் அந்த நீலத்தைத்தான் பயன்படுத்துவான்.

“அம்மா, அந்த மூலையில என்ன போட்டிருக்கு?”

“கண்ணாடி எங்கயோ வச்சிட்டேன்.”

“தலைமேல இருக்கு.”

அம்மா கண்ணாடியை இறக்கிக்கொண்டு குனிந்தாள். “முப்பத்தொண்ணு.”

“அடுத்ததுல?”

“முப்பது.” புரட்டினாள். “இருபத்தொம்பது.” கை நின்றது.

மை காய வேண்டும் என்பதற்காக, முடித்த தாளை அவன் எப்போதும் அடுக்கின் மேலே முகம் தெரிய வைப்பான். அதன்மேல் தேநீர்க் கோப்பையை வைத்ததற்காக அவளோடு ஒரு நாள் முழுக்கப் பேசாமல் இருந்திருக்கிறான்.

“கடைசியா வரைஞ்சதுதான்மா மேல...”

“நீ சொல்லாத.” அம்மா உள்ளங்கையைக் காட்டினாள். “நான் பாத்துக்கறேன்.”

அடுக்கோடு கட்டிலில் உட்கார்ந்து, அடியிலிருந்து எடுத்தாள். ஒரே கதவு, இருட்டு. பிறகு எறும்பளவு கருப்பு. தெரு. படி. ஒவ்வொரு தாளையும் கண்ணுக்கு அருகில் கொண்டுபோய், பெரிதாகிக்கொண்டே வந்த அந்த உருவத்தைப் பார்த்தாள். கீழே யாரோ வண்டியை நிறுத்தும் சத்தம் கேட்டது. சமையலறைப் படத்துக்கு வந்ததும் வெகுநேரம் அதைக் கீழே வைக்கவில்லை.

“சட்ட நனைஞ்சிருக்கு” என்றாள். “நிழல்னு நெனச்சேன். ஈரத்துணிதான் இப்படித் தோள்ல ஒட்டும். வெளியில இருந்து வந்திருக்கான்.”

விரல் மெல்ல நகர்ந்து அடுப்பருகே நிற்கும் பெண்ணிடம் போனது. அங்கேயே நின்றது.

“இதுக்கு அப்புறம்?”

“இல்லம்மா. அவ்வளவுதான் வரைஞ்சிருக்கான்.”

ஆறுதலாக ஏதாவது சொல்ல இடமிருந்தது. வாய்வரை வந்ததை அவள் விழுங்கிக்கொண்டாள்.

“எத்தன வருஷம் அந்தக் கதவுக்குள்ள இருந்தான்,” என்றாள் அம்மா, கேள்வியாக இல்லாமல். பிறகு, “வலிச்சிருக்குமா?”

“வலிச்சிருக்கும். மூச்சு முட்டியிருக்கும். கொஞ்ச நேரம்.”

அம்மா அவள் முகத்தையே பார்த்தாள். பார்க்க வேறு முகம் அங்கே இல்லை. தலையை ஆட்டிவிட்டுக் கட்டிலிலிருந்து கையூன்றி எழுந்தாள்.

“துணி மாத்திக்கிட்டு வரேன். வண்டிக்குச் சொல்லு.”

கூடத்து வாசலில் கருப்புச் சட்டைகள் வழிவிட்டன. அழுது முகம் வீங்கிய ஒரு பெண்ணின் முன்னால் அம்மா நின்றாள். சட்டையிலிருந்த கதவுகளைப் பார்த்தாள், ஓரத்தை இரண்டு விரலால் பிடித்து நெருடினாள்.

“இந்தக் கருப்பு சாயம் விடும். தனியாத் துவைக்கச் சொல்லு.”

அவள் அதை அப்படியே அந்த ஊர் மொழியில் சொன்னாள். ஒரு சொல்லைக்கூட மாற்றவில்லை. அந்தப் பெண் அவசரமாகத் தலையாட்டினாள்.

“நான் மட்டும் போறேன்” என்று அம்மா உள்ளே போனாள். கண்ணாடிக் கதவு தானாக மூடிக்கொண்டது.

மாமா வந்து அவள் பக்கத்தில் நின்றார். கசங்கிய சட்டை, சவரம் செய்யாத முகம். “எப்படிக் கெளப்பின?”

“நான் ஒண்ணும் பண்ணல மாமா.”

உள்ளே அம்மா பெட்டியருகே குனிந்து நின்றாள். உதடு அசைந்தது. நின்றது. மறுபடியும் அசைந்தது.

“என்னம்மா பேசறா?”

“தெரியல.”

கூடத்து ஆள் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே கண்ணாடிக் கதவை நோக்கி வந்தார். மணி மூன்றைத் தாண்டியிருந்தது. மாமா நாலு எட்டில் போய் அவருக்கு நேராக நின்றுகொண்டு, தன் வண்டியை எங்கே நிறுத்துவது என்று தனக்குத் தெரிந்த அரைகுறை மொழியில் கேட்டார். வண்டி காலையிலிருந்து சரியான இடத்தில்தான் நின்றுகொண்டிருந்தது. ஆள் கையை நீட்டிக் காட்டினார். மாமா புரியாதவர் போல மறுபடியும் கேட்டார்.

உள்ளே, அம்மா சுவரோரம் கிடந்த நாற்காலியைப் பெட்டியின் பக்கத்தில் இழுத்துப் போட்டாள். கைப்பையைத் தோளிலிருந்து கழற்றி அதன் முதுகில் மாட்டிவிட்டு உட்கார்ந்தாள்.