இருநூற்றுப் பதினான்காம் படி

திருத்தணி மலையடிவாரத்தில் பித்தளைப் பாத்திரக் கடை வைத்திருக்கும் தணிகாசலம், பேரம் என்று வந்தால் எமனையே வாசலில் நிற்கவைக்கக்கூடியவர். அப்பேர்ப்பட்டவர் தன் சாவுத் தேதியை மட்டும் சொன்ன விலைக்கே வாங்கிக்கொண்டு வந்துவிட்டார்.

ஜூன் மாதப் பாதி. காலையில் சாமி கும்பிட்டு இறங்கும்போது ஒரு படியில் கால் வழுக்கியது. விழவில்லை. யாரோ கணுக்காலைப் பிடித்துப் பார்த்துவிட்டு, அப்புறம் ஆகட்டும் என்று விட்டதுபோல் இருந்தது. மலைக்கு முந்நூற்று அறுபத்தைந்து படி, படிக்கு ஒரு நாள் என்று ஊரே சொல்லும். மிச்சப் படிகளை எண்ணிக்கொண்டே இறங்கினார். வழுக்கியது கீழிருந்து இருநூற்றுப் பதினான்காவது. காலண்டரில் ஜனவரி ஒன்றிலிருந்து எண்ணினார். ஆகஸ்ட் இரண்டு.

அன்றிலிருந்து பார்த்ததெல்லாம் அந்தத் தேதிக்குச் சாட்சி சொன்னது. கடைக்கு வந்த ஓர் அம்மாள் குத்துவிளக்கைத் தடவிப் பார்த்து, ஆகஸ்டில் ஒரு காரியம் இருக்கிறது, அப்போது வாங்கிக்கொள்கிறேன் என்று அவர் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டுப் போனாள். அரக்கோணம் ரயிலில் அவர் பக்கத்து இடம் கடைசிவரை காலியாகவே வந்தது. தெரு வெறிச்சோடிய நடுப்பகலில் அடுக்கிவைத்த குடங்களில் ஒன்று, யாரும் தொடாமல், ணங்கென்றது. வெயிலில் பித்தளை விரிகிற சத்தம்தான். முப்பது வருஷமாகக் கேட்பதுதான். திரும்பிப் பார்த்தார். குடங்களின் வயிற்றில் தெரிந்த அவர் முகங்களில் ஒன்று கொஞ்சம் தாமதமாகத் திரும்பியது.

சர்க்கரைக்கும் ரத்தக் கொதிப்புக்கும் போட்டுக்கொண்டிருந்த மாத்திரைகளை நிறுத்தினார். தேதி முடிவானவனுக்கு மாத்திரை எதற்கு? தலை சுற்றியது. அதையும் சாட்சிகளோடு சேர்த்துக்கொண்டார்.

ஜூலைக் கடைசியில், பிரிக்காத மாத்திரை அட்டைகள் மனைவி புஷ்பலதாவின் கையில் சிக்கின. குடைந்து கேட்டதில் படிக்கணக்கும் சாட்சிகளும் வெளியே வந்தன. அவள் அழவுமில்லை, திட்டவுமில்லை. மறுநாள் காலை அந்தப் படிக்கே அழைத்துப்போய் உட்காரவைத்தாள். அத்தை மகன் என்பதால் அவளுக்கு அவர் எப்போதும் பாவாதான்.

“பாவா, வழுக்குனது ஏறும்போதா, எறங்கும்போதா?”

“எறங்கும்போது.”

“அப்ப மேலேர்ந்துதான எண்ணணும்?”

மேலிருந்து நூற்றைம்பத்திரண்டு. விரல்விட்டுப் பார்த்தார். ஜூன் ஒன்று. வழுக்கியதற்கு இரண்டு வாரம் முன்பே.

ஏறுகிறவர்கள் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் போய்க்கொண்டிருந்தார்கள். காலி இடம், தாமதமாகத் திரும்பிய முகம், எல்லாம் இப்போதுதான் கச்சிதமாகப் பொருந்தின.

“அப்ப அன்னிக்கு வழுக்குனது யாரு?” என்றார்.

புஷ்பலதாவுக்கும் ஒரு கணம் மயிர்க்கூச்செறிந்தது. காட்டிக்கொள்ளவில்லை.

“செத்தவருதான் நேத்து பூக்காரிகிட்ட முழத்துக்குச் சண்ட போட்டுகினு நின்னாரா? அதே இருநூத்திப் பதினால சித்திரை ஒண்ணுலேர்ந்து எண்ணுனா நவம்பர் பதிமூணு வருது. எந்தத் தேதி ஓணும் உங்களுக்கு? பயம் சொன்ன மொத வெலைக்கே வாங்கிகினு வந்துட்டீங்க. ஒருநாள் காலியா இருந்த சீட்டு ஞாபகம் இருக்குது. நசுங்கிகினு வந்த நாளெல்லாம் எங்க போச்சு?”

ஒரே சரக்குக்கு மூன்று விலை சொல்கிறவனிடம் தணிகாசலம் இதுவரை வாங்கியதில்லை. பயம் போய்விடவில்லை, அதன் நாணயம் மட்டும் கெட்டது. அன்றே அரக்கோணத்தில் டாக்டரைப் பார்த்தார்கள். அவர் மாத்திரையை மறுபடி ஆரம்பித்து, மனநல மருத்துவர் ஒருவரிடமும் அனுப்பினார். பயம் வரும்போது கண்ணால் பார்த்தது எது, தானாகச் சேர்த்துக்கொண்டது எது என்று பிரித்துக் கேட்கச் சொன்னார் அந்த மருத்துவர்.

ஆகஸ்ட் இரண்டாம் தேதி கடை திறந்தார். நடுப்பகலில் அந்தப் பயம் வந்தது. வாங்கவும் வாங்காமல் நகரவும் நகராமல் எதிரே ஒருவன் நிற்பதுபோல் காற்று கனத்தது. தணிகாசலம் அவனை உட்காரச் சொல்லவில்லை, விரட்டவுமில்லை. “இன்னா பாத்த, அத்த மட்டும் சொல்லு” என்றார்.

சாப்பாட்டுக் கூடையோடு வந்த புஷ்பலதா வாசலிலேயே நின்றுவிட்டாள். கடையில் வேறு யாருமில்லை.

“யாராண்ட பேசிகினு இருக்கீங்க?”

“ஒருத்தன். கேட்டா பதில் சொல்லத் தெரியல அவனுக்கு.” கைகழுவ எழுந்தார். “நாளைக்கும் வருவான் பாரு.”