ஒருத்தரும் தேடாத இராசநாயகம்

...தேடுறதில்லையாம், ஒருத்தரும் தேடுறதில்லையாம், அதையும் என்ன வடிவா எழுதியிருக்கிறான் பாருங்கோ, "துறைமுகத் தொழிற்சங்கவாதியான இராசநாயகத்தைப் பொதுவாசகர் எவரும் தேடுவதில்லை", பொதுவாசகராம், இவர் கண்டவர் பொதுவாசகரை, நிலாவெளியில வள்ளம் வைச்சிருக்கிறவனுக்கு இந்த நடை எங்கயிருந்து வந்தது, அப்பாட்ட இருந்துதான், அப்பா துண்டுப்பிரசுரம் எழுதேக்க பக்கத்தில குந்தியிருந்து பாத்தவன்தானே, அவரிட்டப் படிச்ச தமிழை வைச்சு அவரையே அடிக்கிறான்... சனிக்கிழமை பத்தரை மணி, குசினிக்குள்ள நிண்டு சூடை மீன் வெட்டுறன், ஒரு கிலோ, சின்னன் சின்னனா, முடியிற வேலையில்லை, கைபேசியை மா டின்னில சாத்தி வைச்சுக் கிடக்கு, திரை அணைய அணைய விரல் மொளியால தட்டித் தட்டி எழுப்புறன், பன்னிரண்டு மணிக்குக் கலைக்களஞ்சிய நிருவாகி அப்ராஸ் முடிவு சொல்லிப்போடுவார், அதுக்குள்ள நான் ஏதும் எழுதாட்டி விதுசன் வெண்டிடுவான், என்ட கூடப்பிறந்த தம்பி, அப்பாட பேரை ஆராவது தட்டினா அப்பா வராமல் பண்ணிப்போடுவான்.

விசயம் இவ்வளவுதான். இணையத்தில இருக்கிற கலைக்களஞ்சியத்தில ஆரும் எழுதலாம், மூண்டு வருசத்துக்கு முன்னம் அப்பாவைப்பற்றி ஒரு பக்கம் நான் எழுதினனான், பழைய பத்திரிகையெல்லாம் தேடி, சங்கத்தின்ட கூட்டக் குறிப்பெல்லாம் வைச்சு, ஒரு பிழை இல்லாமல். பாத்தா அதே பேரில ஏற்கெனவே ஒருத்தர் இருக்கிறார், பழைய உதைபந்தாட்ட வீரர், இருக்கட்டும், எனக்கென்ன, அந்த மனிசனோட எனக்குக் கோபமில்லை. இராசநாயகம் எண்டு தட்டினா ரெண்டு பேரும் வருவினம், நீங்கள் தேடுவது எவரை எண்டு கேக்கும், வேண்டியவையைத் தொட்டுப் போகலாம், நல்லாத்தானே கிடந்தது. போன கிழமை ஒருத்தர் வந்து, கடற்காகம் எண்டு முந்தியும் வந்துபோன ஒரு புனைபெயர், பேரைத் தட்டினா நேரா உதைபந்தாட்டக்காரரிட்டப் போகவேணும், மற்றவருக்கு அந்தப் பக்கத்துத் தலையில ஒரு சின்னக் குறிப்புப் போதும் எண்டு முறைப்பாடு போட்டார். மற்றவராம். பெத்த தகப்பன் மற்றவர்.

அது அவன்தான் எண்டு எனக்கு நிவேதிகா சொன்னவள், அவன்ட மனிசி, சந்தையில கண்டு, மெல்லமா, "மச்சாள், அவர்தான் இருந்து எழுதுறார், நான் சொன்னனான் எண்டு சொல்லிப்போடாதேங்கோ". நான் ஏன் சொல்லப்போறன், நான் அவனோட கதைச்சே ஆறு வருசம், அப்பாட செத்தவீட்டுக்கு வந்து றோட்டில நிண்டிட்டுப் போனவன், படலைக்கு உள்ள ஒரு கால் வைக்கேல்லை, தலையை நிமித்திக்கொண்டு நிண்டவன், அண்டைக்கு நினைச்சனான், இனி உனக்கும் எனக்கும் ஒண்டுமில்லை எண்டு. செதில் ஒண்டு கண்ணுக்குள்ள பறக்குது, இந்தச் சூடையை ஆர் வாங்கச் சொன்னது, நான்தான்.

சரி, அவனுக்கும் ஒரு கதை இருக்கு, எனக்குத் தெரியாதா. வேலைநிறுத்தம் பதினாறு நாள், துறைமுக வாசலில அப்பா ஒலிபெருக்கியோட, பத்தாம் நாள் காலமை கொந்திராத்துக்காரன்ட லொறி வேலைநிறுத்தத்தை உடைக்க ஆக்களை ஏத்திக்கொண்டு உள்ள போகப் பாக்குது, லொறிக்கு மேல நிக்கிறான் விதுசன், பத்தொன்பது வயது, அப்பாட பழைய சேட்டைப் போட்டுக்கொண்டு. பத்து நாளா வீட்டில மரவள்ளிக்கிழங்கு, அம்மாவுக்கு ஏலாமப்போச்சு, அதுதான் போனனான் எண்டு பிறகு சொன்னவன், நாங்களும்தானே அந்தக் கிழங்கைத் திண்டனாங்கள், நாங்கள் லொறியில ஏறினனாங்களா? அப்பா ஒலிபெருக்கியிலயே சொன்னவர், எல்லாருக்கும் கேக்க, இந்த லொறியில என்ட மகன் இல்லை, எனக்கு மகனே இல்லை எண்டு. சனம் கைதட்டினது. பின்னேரம் அவன் வீட்டுக்கு வர அப்பா எழும்பேல்லை, அம்மா அழுதா, கதவைச் சாத்தினது நான். ஓம், நான்தான், திரும்பவும் சாத்துவன். அந்தக் கைதட்டல் இன்னும் காதுக்குள்ள கிடக்கு, பெருமையாத்தான் கிடந்தது, அப்ப.

பதினொண்டேகால். அப்ராஸ் கிண்ணியாவில படிப்பிக்கிறவர், எங்கட சண்டைக்குள்ள அம்பிட்டுப்போன நல்ல மனிசன், எங்கட உறவு அவருக்குத் தெரியாது, தெரிஞ்சா சொந்தக்காரர் விலகி நில்லுங்கோ எண்டு ரெண்டு பேரையும் கலைச்சிருப்பார். காலமை எழுதியிருந்தார், "இருவரும் ஒருவரையொருவர் ஏசுவதை நிறுத்துங்கள். தேடுகிறார்கள் என்பதற்கும் தேடவில்லை என்பதற்கும் சான்று வேண்டும். கடந்த தொண்ணூறு நாள் பார்வை எண்ணிக்கையைப் பாருங்கள்." பாப்பம். எழுதின கிழமைக்குப் பிறகு நான் அப்பாட பக்கத்தை ஒருநாளும் திறக்கிறேல்லை, என்ட வருகை எண்ணிக்கையில விழுந்தா அது களவு, அப்பாட பிள்ளை களவு செய்யாது. எண்டாலும் பயம்தான், வட்டம் வட்டமா சைபர் கிடந்தா என்ன செய்யிறது, அப்ப அவன் சொன்னது சரியாப் போயிடுமே, எல்லாத்தையும் விட அதுதான் தாங்கேலாது, அவன் சரியா இருக்கிறது. கையைத் தேசிக்காய் போட்டுக் கழுவினன், மீன் மணம் போகேல்லை, போகாட்டிப் போகட்டும் எண்டு எண்ணிக்கையைத் திறந்தன்.

ஒண்டு. ஒண்டு. ஒண்டு. ஒவ்வொரு நாளும் ஒண்டு, கோடு அசையாமல் நேராப் போகுது, ஆர் பாத்தது எண்டு அது சொல்லாது, எத்தனை தரம் எண்டுதான் சொல்லும், ஆனா ஆரோ ஒராள் நாள் தவறாமல் வந்திருக்கிறார், எனக்கு நெஞ்சு நிறைஞ்சுபோச்சு, பாத்தியாடா பொதுவாசகரை எண்டு வாய்விட்டுச் சொன்னனான், வெறும் குசினிக்குள்ள. பிறகு பாத்தா நடுவில ஒரு பள்ளம், ஒன்பது நாள் சைபர், பத்தாம் நாள் திரும்ப ஒண்டு. எந்தத் திகதி... அந்தத் திகதிகளை எனக்குத் தெரியும். அந்த ஒன்பது நாளும் விதுசன் டெங்கு வந்து ஆசுப்பத்திரியில கிடந்தவன், கண் திறக்கேலாமல், ரெண்டாம் நாள் இரத்தம் குறைஞ்சு போச்செண்டு நிவேதிகா அழுதுகொண்டு ஃபோன் எடுத்தவள், நான் கஞ்சி காய்ச்சிக் கொண்டுபோய் வாட்டு வாசலில நிண்டு அவளிட்டக் குடுத்திட்டு வந்தனான், உள்ள போகேல்லை. ஒன்பது நாளும் போனனான். உள்ள போகேல்லை.

அவன். நாள் தவறாமல். ஒருத்தரும் தேடுறதில்லை எண்டு எழுதிப்போட்டு அண்டைக்கும் வந்திருக்கிறான், இந்தா, முறைப்பாடு போட்ட திகதியிலயும் ஒண்டு கிடக்கு. ஏன்ரா வாறாய்? வேவு பாக்கவோ? அப்படித்தான் இருக்கும், அப்படித்தான் இருக்கவேணும், பிழை பிடிக்க வந்திருப்பான்... மூண்டு வருசமாவோ. நான் எழுதின பக்கத்தில பிழை இல்லை, அவனுக்கும் தெரியும், ஒண்டே ஒண்டைத் தவிர. அடியில குடும்பம் எண்டு ஒரு தலைப்பு, அதுக்குக் கீழ ஒரு வரி, "இவருக்கு யசோதரா என்றொரு மகள் உண்டு." நான் எழுதின கிழமையே ரெண்டு தரம் கடற்காகம் வந்து "விதுசன் என்றொரு மகனும்" எண்டு சேத்தது, ரெண்டு தரமும் நான் அழிச்சனான், காரணம் கேக்கிற பெட்டிக்குள்ள சான்று இல்லை எண்டு போட்டு. அதுக்குப் பிறகு அவன் சேக்கேல்லை. வந்து பாத்திட்டுப் போயிருக்கிறான், அவ்வளவுதான்.

பதினொண்டு ஐம்பது, எழுதவேணும், எழுதாட்டி அப்பா போயிடுவார், எழுதினா அவன்ட வருகையை எடுத்து அவனுக்கே அடிக்கிறன், அடிச்சா என்ன, அவன் செய்யாததோ... "நாளாந்தம் ஒருவர் தேடி வருகிறார். தொண்ணூறு நாளில் எண்பத்தொரு நாள்." அனுப்பினன். அஞ்சு நிமிசத்தில அப்ராஸ் எழுதிப்போட்டார், "நன்றி. இரு பெயர்களும் உள்ள பக்கம் அப்படியே இருக்கட்டும்." கடற்காகம் மறுத்து ஒண்டும் எழுதேல்லை. வெண்டிட்டன். மூண்டு வருசத்துக்குப் பிறகு அப்பாட பக்கத்தைத் திறந்தன், நாளைக்கு அந்தக் கோட்டில ரெண்டு எண்டு விழும், விழட்டும், அடிக்கு இறக்கி அந்த வரியைப் பாத்துக்கொண்டு நிண்டன், பூனை மீன் சட்டிக்குள்ள தலையை விட்டது தெரிஞ்சும் கலைக்கேல்லை. யசோதரா என்றொரு மகள் உண்டு. அதுக்கு நானும் சான்று ஒண்டும் வைக்கேல்லை. அவன் நினைச்சிருந்தா அதைக் கேட்டிருக்கலாம், அழிச்சிருக்கலாம், கேக்கேல்லை.