முழங்கால் ஊன்றாத ஆட்டம்

ரொறன்ரோவில் கிரிக்கெட்டை விட்டுவிட்டு அமெரிக்கன் ஃபுட்போல் பயிற்சியாளராகப் போன தமிழர் இரண்டே இரண்டு பேர். அந்த இரண்டு பேருக்குள்ளும் பகை என்றால் நம்முடைய ஆட்களை என்னவென்று சொல்வது!

யூட்சன் முன்பு றோயின் கீழே உதவிப் பயிற்சியாளராக இருந்தவன். எதிர்த்துக் கேள்வி கேட்கிறான் என்று அவனை விலக்கிய றோய், அதோடு விட்டாரா? யூட்சன் வேலை கேட்டுப் போன கல்லூரிகளுக்கெல்லாம் ஃபோன் எடுத்து, ஆள் ஒன்றுக்கும் உதவான் என்று சொல்லிவைத்தார். ஒன்பது வருடம் பக்கத்து ஊரான விட்பியில் டெலிவரி வான் ஓடிக்கொண்டே யூட்சன் கறுவினான். கடைசியில் ஒரு சின்னக் கல்லூரியின் விளையாட்டுப் பொறுப்பாளர் வேரோனிக்காதான் அவனை நம்பி அணியைக் கொடுத்தார்.

இன்று றோயின் அணியோடு ஆட்டம். வென்றால் அந்தக் கல்லூரிக்கு முதல்முறையாக அரையிறுதி. நாற்பது விநாடிதான் மிச்சம், நான்கு புள்ளி முன்னிலை, பந்தும் யூட்சனின் ஆட்களிடம். இப்படியான நேரத்தில் பந்தை வாங்கி முழங்காலைத் தரையில் ஊன்றினால் போதும், நேரம் ஓடி முடிந்துவிடும். நீல் பண்ணுவது என்பார்கள். தோற்கிறவனை மேலும் அடிக்காமல் விடுகிற மரியாதையும் அதுதான்.

மரியாதையாம், மண்ணாங்கட்டி! எதிர்ப்பக்கத்தில் றோய் தொப்பியைக் கழற்றிக் கைகொடுக்கத் தயாராக நிற்பதைப் பார்த்ததும் யூட்சனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நான்கு புள்ளியில் தோற்றுவிட்டுச் சிரித்துக்கொண்டு வீட்டுக்குப் போவாரோ? விடக்கூடாது. இன்னொரு தரம் அடித்து மூக்கை உடைத்துத்தான் அனுப்பவேண்டும்.

பந்தெறிகிற மிதுனன் ஓடிவந்தான்.

"நீல் பண்ணுவம், கோச்?"

"இல்லை. நீளமா எறி."

"கோச், வீ ஆர் வின்னிங். என்னத்துக்கு ரிஸ்க்?"

"எறி எண்டா எறியடா! அந்தாளின்ரை மூஞ்சி கறுக்கோணும்."

மிதுனன் எறிந்தான். றோயின் ஆள் ஒருவன் எம்பிப் பிடித்தான். பிடித்தவன் மைதானம் முழுக்க ஓடிப்போய் மறுமுனைக் கோட்டைத் தாண்டினான். ஆறு புள்ளி. மிச்சமிருந்த விநாடிகளும் ஓடி முடிந்தன. வென்ற ஆட்டம் கையை விட்டுப் போனது.

வேரோனிக்கா மூச்சு வாங்க வந்தார். எறியச் சொன்னது யார் என்று கேட்டார். றோயும் கைகொடுக்க வந்து பக்கத்தில் நின்றார். அந்த மனிதருக்கு முன்னால் "நான்தான்" என்று சொல்ல யூட்சனுக்கு நா எழவில்லை.

"நீல் பண்ணத்தான் சொன்னேன். மிதுனன் கேட்கவில்லை" என்று ஆங்கிலத்தில் சொன்னான்.

வேரோனிக்கா மிதுனனை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போனார். மிதுனன் ஹெல்மெற்றைக் கழற்றினான். முகம் சிவந்திருந்தது. அழப்போகிறான் என்று யூட்சன் நினைத்தான். அவன் அழவில்லை. யூட்சனைத் தாண்டி நேரே றோயிடம் போனான்.

"அங்கிள், வாற வருசம் உங்கட ரீமில எனக்கு இடமிருக்கா?" என்று கேட்டான். "உந்தக் கோச்சுக்கு எதிரா நான் விளையாடோணும். ஒரே ஒரு மட்ச் எண்டாலும் போதும்."