மேஸ்திரியின் நகங்கள்

நாய்க்குட்டிக்கு மேஸ்திரி என்று பெயர் வைத்தது சுகிர்தாதான். நான் பெயிண்டர். முப்பது வருடமாக யாராவது ஒரு மேஸ்திரியிடம் திட்டு வாங்கிக்கொண்டே சுவர்களுக்கு வண்ணம் அடித்தவன். குழாயடியில் யாரோ விட்டுப்போன குட்டியை அவள் முந்தானையில் சுற்றி எடுத்து வந்தாள். வந்த அன்றே அது நான் விறகு பிளப்பதை உட்கார்ந்து பார்த்தது. தண்ணீர் தூக்குவதை நின்று பார்த்தது. கூரைமேல் ஏறி ஓடு மாற்றியபோது கழுத்தை நிமிர்த்தி ஒருமுறை குரைத்தது.

"பாருய்யா, ஒரு வேலையும் செய்யாம மேல்பார்வை பாத்துக்கினு கீது. மேஸ்திரியேதான்" என்றாள். "இனிமே நீ ஒரு மேஸ்திரிய ஆச தீர திட்டலாம். நல்லா திட்டிக்கோ."

சுகிர்தா இறந்து இரண்டு வருடம் ஆகிறது. நான் சொல்வது அதற்கும் பதினான்கு மாதம் முன்னால் நடந்தது.

அப்போது வாரத்தில் இரண்டு நாள், செவ்வாயும் வெள்ளியும், நாங்கள் உத்திரமேரூர் போய் பஸ் ஏறி காஞ்சிபுரத்துக்கு டயாலிசிஸுக்குப் போவோம். அவளுக்கு இரண்டு சிறுநீரகமும் கைவிட்டிருந்தன. இடது முன்கையில் ரத்தக்குழாய்கள் இரண்டைச் சேர்த்துத் தைத்திருந்தார்கள். அந்த இடத்தில் விரல் வைத்தால் உள்ளே விர்ரென்று அதிரும். டயாலிசிஸ் ஊசி இரண்டும் அங்கேதான் ஏறும். அந்தக் கையில் வளையல் ஆகாது, குடம் ஆகாது, அதன்மேல் தலை வைத்துப் படுக்கவும் ஆகாது. அங்கே புண்ணாகிச் சீழ் வைத்தால் கை கெட்டது. வேறு இடம் தேடிக் கழுத்தில் குழாய் போட வேண்டியிருக்கும்.

அந்தக் கையில்தான் மேஸ்திரி கீறிவிட்டது. வேண்டுமென்று இல்லை. இரண்டரை மாதக் குட்டிக்கு நகம் ஒவ்வொன்றும் கருவேல முள் மாதிரி. சுகிர்தா கதவைத் திறந்தால் ஓடிவந்து மேலே விழும்.

வெள்ளிக்கிழமை சசிரேகா சிஸ்டர் ஊசி போட வந்து, கையைப் பார்த்து, ஊசியைத் தட்டில் திரும்ப வைத்துவிட்டார்.

"என்னம்மா இது?"

"முள்ளு கீச்சிடுச்சு சிஸ்டர்."

"முள்ளு நாலு கோடு வரிசையா போடுமா?"

சுகிர்தா என்னைப் பார்த்தாள். நான் மேலே ஓடிய ஃபேனைப் பார்த்தேன்.

"நாய்க்குட்டி" என்றாள்.

"நாயா கையான்னு முடிவு பண்ணிக்கோங்க. இந்தக் கீறல் கொஞ்சம் தள்ளி இருக்கிறதால ஊசி போடறேன். செவ்வாய்க்கிழமை புதுசா ஒரு கீறல் பாத்தேன்னா டாக்டர்கிட்ட சொல்லிடுவேன். ஒழுங்கா நாயை யார்கிட்டயாவது குடுத்துடுங்க."

"நகத்த வெட்டிட்டா?"

"செவ்வாய்க்கிழமை கையைக் காட்டுங்க. பேச்சு அப்புறம்."

திரும்பும்போது பஸ் ஓரிக்கை தாண்டும்வரை அவள் அந்தக் கீறலையே பார்த்துக்கொண்டு வந்தாள். பிறகு, "நாலு நாள் கீதுல்ல" என்றாள்.

"எதுக்கு?"

"நகம் வெட்டறதுக்குத்தான். கல்யாணம் பண்ணியா வெக்கப்போறோம்?"

வீட்டுக்கு வந்ததும் நகவெட்டியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். எதிர் வீட்டுச் சிட்டம்மாள் அக்கா ஆடுகளை ஓட்டிக்கொண்டு வந்தவர், வேலிக்கு அந்தப் பக்கமே நின்றுவிட்டார்.

"இன்னா ஆல்பட்டு, வெள்ளிக்கெயம வெளக்கு வெக்கற நேரத்துல நகவெட்டிய கைல எடுத்திருக்க?"

"நாங்க சர்ச்சுக்குப் போறவங்கக்கா. எங்களுக்கு வெள்ளிக்கெயம இல்ல."

"நீ சர்ச்சுக்குப் போறே. நாய் போவுதா?"

"இன்னும் போவல."

"அப்ப அதுக்கு வெள்ளிக்கெயம கீது. நாளைக்குக் காத்தால நானே வந்து பண்றேன். ஆயிரம் ஆட்டுக்குக் கொளம்பு சீவனவ நான். இது இன்னா, எலிக்குட்டி சைசுல கீது."

அவர் சொன்னதில் பொய் இல்லை. எங்கள் தெருவில் யாருடைய ஆடு காலைச் சாய்த்து நடந்தாலும் சிட்டம்மாள் அக்காவைத்தான் கூப்பிடுவார்கள். ஆட்டின் காலை முட்டிகளுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு, சின்னக் கத்தியால் வளர்ந்த குளம்பைச் சீவுவார். அழுக்குக் கருப்பு போய் வெள்ளை தெரிந்ததும் நிறுத்துவார். ஆடு எழுந்து புது மாப்பிள்ளை மாதிரி நடக்கும்.

சனிக்கிழமை காலை அதே கத்தியோடு வந்தார். மேஸ்திரியை மல்லாத்தி முட்டிகளுக்கு நடுவில் இடுக்கினார். முதல் நகத்தின் முனையைச் சீவியபோது குட்டிக்கு என்ன நடக்கிறதென்றே தெரியவில்லை. அடுத்த நகத்தில் சிட்டம்மாள் அக்கா கண்ணைச் சுருக்கிக்கொண்டு குனிந்தார்.

"இன்னாடி இது, சீவச் சீவக் கருப்பாவே கீது. வெள்ள எங்கடி?"

இன்னும் கொஞ்சம் சீவினார். வெள்ளை வரவில்லை. சிவப்பு வந்தது.

அந்தச் சின்ன உடம்பில் அவ்வளவு பெரிய சத்தம் இருக்கும் என்று நான் நினைக்கவில்லை. ஆடுகள் எல்லாம் ஒன்றாகத் திரும்பிப் பார்த்தன. மேஸ்திரி உருவிக்கொண்டு ஓடிக் கட்டிலுக்கடியில் புகுந்தது. போன வழியெல்லாம் சிவப்புப் பொட்டு. சிட்டம்மாள் அக்கா கத்தியைக் கீழே போட்டுவிட்டு, "ஐயோ, பாவி, நான் இன்னா பண்ணிட்டேன்" என்று தலையில் கை வைத்துக்கொண்டார்.

பதறாதவள் சுகிர்தா ஒருத்திதான். அடுக்களையிலிருந்து ஒரு கை அரிசிமாவை அள்ளிக்கொண்டு வந்தாள். கட்டிலுக்கடியில் குப்புறப் படுத்து, வலது கையால் குட்டியை இழுத்து, மாவை நகத்தில் வைத்துக் கட்டைவிரலால் அழுத்தினாள். டயாலிசிஸ் முடிந்து ஊசியை எடுத்ததும் சிஸ்டர் பஞ்சை வைத்து அழுத்துவதைப்போல. மூன்று வருடமாகப் பார்த்தது.

"யோவ், மணி பாரு. பத்து நிமிஷம்."

பிறகு சிஸ்டரின் குரலிலேயே பேச ஆரம்பித்தாள். "ஆடக்கூடாது. நல்லா மூச்சு விடுங்க. வீட்ல யாரெல்லாம் இருக்காங்க? என்ன வேலை பாக்கறீங்க? மேஸ்திரியா? கொத்து வேலையா, பெயிண்ட்டா?"

மேஸ்திரி முனகிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தது. ஆறாவது நிமிடத்தில் ரத்தம் நின்றுவிட்டது. அவள் பத்து நிமிடம் ஆகும்வரை விரலை எடுக்கவில்லை.

அதற்குப் பிறகு நகவெட்டி வைத்திருந்த டப்பாவின் மூடி சத்தம் கேட்டாலே குட்டி கொல்லைப் பக்கம் ஓடியது. சாக்கில் போட்டுக் காலை மட்டும் வெளியே எடுக்கலாம் என்று ஒருமுறை முயன்றேன். சாக்கு கிழிந்தது. குட்டி என் கைகள் இரண்டிலும் ஊர் மேப் வரைந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை ஜெபம் முடிந்து வரும் வழியில், ரைஸ்மில்லில் வாட்ச்மேன் வேலை பார்க்கும் எல்லப்பனிடம் குட்டி வேண்டுமா என்று கேட்டேன். மில்லில் எலி அதிகம். சந்தோஷமாகச் சரி என்றான். சுகிர்தாவிடம் எப்படிச் சொல்வது என்று நான் யோசித்து முடிப்பதற்குள், சாயந்திரம் எல்லப்பனே சைக்கிளில் வந்து வேலியோரம் ஒரு காலை ஊன்றினான்.

"ஆல்பட்டு, குட்டிய காத்தால நீ எடுத்தாறியா, இல்ல நானே வந்து வாங்கிக்கட்டா?"

அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிரவில்லை. எல்லப்பன் நிலைமையைப் புரிந்துகொண்டு, "அப்புறமா வர்றேன்" என்று பெடலை மிதித்தான்.

"யாரைக் கேட்டுக் குடுத்த?" என்றாள்.

"உன் கையைக் கேட்டுக் குடுத்தேன்."

"கை இன்னா சொல்லிச்சு?"

எனக்குச் சிரிப்பு வந்தது. அவளுக்கு வரவில்லை.

"எல்லாரும் என்னை முட்டையத் தொடற மாதிரி தொடறீங்க. கட்டிக்குடுத்த நம்ம பொண்ணு வந்தா ரெண்டு மொழம் தள்ளி ஒக்காருது. நீ செவுத்தோட ஒட்டிக்கினு படுக்கற, எங்க கை பட்டுடப் போவுதோன்னு. இது ஒண்ணுதான் ஓடியாந்து மேல வியுது. நான் சீக்காளின்னு அதுக்குத் தெரியாது. தெரிய வெக்காதய்யா."

கீரைத் தண்டுகளை ஒன்றாகச் சேர்த்து முறித்தாள்.

"செவ்வாக்கெயம கீறல் இருந்தா?" என்றேன்.

"இருந்தா நானே தூக்கிக்கினு போய் எல்லப்பன்கிட்ட வுடறேன். உன்னை அனுப்பமாட்டேன். ஆனா அதுவரைக்கும் அது இங்கதான் கீது."

திங்கட்கிழமை எனக்குத் திருமுக்கூடலில் வேலை. புது வீடு, வண்ணத்துக்கு முன் வெள்ளைப் பட்டி பூசி முடித்த சுவர்களை உப்புத்தாள் போட்டுத் தேய்க்க வேண்டும். காலையில் பையில் தாள்களை அடுக்கிக்கொண்டிருந்தேன். முரட்டுத் தாள், நடுத்தரம், நைஸ். நைஸ் தாளை எடுத்துப் பழக்கத்தில் என் நகத்தில் ஒருமுறை உரசிப் பார்த்தேன். மாவாக உதிர்ந்தது. கையில் தாளோடு அப்படியே உட்கார்ந்துவிட்டேன்.

"வேலைக்குப் போவல?" என்றாள் சுகிர்தா.

"இங்கயே ஒரு வேல கீது. மொதல்ல குட்டிக்கு வயிறு முட்டச் சோறு போடு."

மேஸ்திரி மோர்ச்சோறு தின்றது. அதற்குமேல் இரண்டு துண்டு கருவாடு. "நான் தின்னக்கூடாததெல்லாம் இது தின்னுது பாரு" என்று சுகிர்தா அதன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். தின்று முடித்து அவள் மடியில் மல்லாந்து தூங்கிப்போனது. அவள் இடது கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, வலது கையால் ஒரு காலைப் பிடித்துக் கொடுத்தாள். நான் தாளைச் சின்னதாகக் கிழித்து விரலில் சுற்றி, ஜன்னல் சட்டத்தின் மூலையைத் தேய்ப்பதுபோல மெதுவாகத் தேய்த்தேன்.

ஒரு கண் திறந்தது. நான் நிறுத்தினேன். கண் மூடியது. நான் தேய்த்தேன்.

கருப்பு நகத்தில் எங்கே நிறுத்துவது என்ற கவலை எனக்கு இருந்தது. சுவரில் பட்டியைத் தேய்க்கும்போது அடியில் சிமெண்ட் நிறம் லேசாக எட்டிப் பார்க்கும். அங்கே கையை எடுத்துவிட வேண்டும். இல்லையென்றால் பள்ளம். அதேபோல இங்கேயும் முனை தேயத் தேய, நடுவில் கடுகு அளவுக்கு வேறு நிறத்தில் ஒரு புள்ளி எட்டிப் பார்த்தது. கையை எடுத்துவிட்டேன். ரத்தம் இல்லை, சத்தம் இல்லை. முள் போய் நகம் உளுந்து மாதிரி மழுங்கியிருந்தது.

நான்கு நகம் முடிந்தபோது போன் அடித்தது. திருமுக்கூடல் வேலையின் மேஸ்திரி, வெங்கடேசன்.

"இன்னாய்யா ஆல்பட்டு, மணி பத்தாவுது, எங்க கீற?"

"வூட்லதான். மேஸ்திரிக்கு நகம் தேச்சிக்கினு கீறேன்."

 "காத்தாலயே போட்டுட்டியா?" என்று கேட்டு வைத்துவிட்டார். சுகிர்தா மடி குலுங்காமல் சிரிக்கப் பார்த்து, முடியாமல், கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். குட்டி எழுந்துவிட்டது. மறுபடி கருவாடு, மறுபடி தூக்கம். நடுவில் சிட்டம்மாள் அக்கா வந்து, கத்தி இல்லாத இரண்டு கைகளையும் முதலில் குட்டியிடம் காட்டிவிட்டு, பக்கத்தில் குந்தினார். "ஆட்டுக்கு மூக்கு சப்ப, நாய்க்கு மூக்கு நீட்டு. கொளம்பு மட்டும் ஒண்ணா இருக்கும்னு நெனச்சேன் பாரு, என்னைச் சொல்லணும்" என்றார். பதினெட்டு நகமும் முடியும்போது பகல் மூன்று மணி. சாயந்திரம் சுகிர்தா வெளியே போய்க் கதவைச் சாத்தி, வேண்டுமென்றே மறுபடி திறந்தாள். மேஸ்திரி ஓடிவந்து மேலே விழுந்தது. அவள் விளக்கடியில் கையை நீட்டிப் பார்த்தாள். என்னிடம் நீட்டினாள். ஒரு கோடுகூட இல்லை.

செவ்வாய்க்கிழமை சசிரேகா சிஸ்டர் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வலது கையையும் கேட்டு வாங்கிப் பார்த்தார்.

"நாயைக் குடுத்துட்டீங்களா?"

"இல்ல சிஸ்டர். வூட்ல கீது. நேத்து நகம் தேச்சோம்."

"தேச்சீங்களா?"

"பெயிண்ட்டரு வூட்டு நாய். உப்புத்தாள் போட்டோம்."

சிஸ்டர் சிரிக்காமல் இருக்கப் பாடுபட்டார். பிறகு என் கைகளைப் பார்த்தார். சனிக்கிழமைச் சாக்கு வேலையின் கோடுகள் அப்படியே இருந்தன. "இது யாரு?" என்றார்.

"அது முள்ளு" என்றேன்.

சிஸ்டர் ஊசியைக் கையில் எடுத்தார். "சரி, இருக்கட்டும். ஆனா வாய்ப் பேச்சை நான் நம்பமாட்டேன். ஒவ்வொரு செவ்வாயும் நகத்தை போட்டோ எடுத்துட்டு வந்து காட்டணும். நாலு காலும். காட்டினாத்தான் ஊசி."

அதனால் ஒவ்வொரு செவ்வாயும் விடியற்காலையில், பஸ்ஸுக்குக் கிளம்புமுன், சுகிர்தா ஒவ்வொரு காலாகத் தூக்கிப் பிடிப்பாள், நான் போனில் எடுப்பேன். பதினான்கு மாதம். கடைசியில் அவளைக் கொண்டுபோனது இருதயம். கை கடைசிவரை நன்றாகத்தான் இருந்தது. சிஸ்டரே அதைச் சொன்னார்.

படங்கள் எதையும் நான் அழிக்கவில்லை. இருநூற்றுக்கு மேல் இருக்கின்றன. நாங்கள் படம் எடுத்துக்கொள்ளும் வழக்கம் உள்ளவர்கள் இல்லை. அவள் முகம் உள்ளவை ஏழோ எட்டோதான், அதுவும் அடுத்தவர் கல்யாணங்களில் விறைத்துக்கொண்டு நிற்பவை. இவற்றில் நாய்க்கால் ஒன்று, அதைப் பிடித்திருக்கும் அவளுடைய வலது கை ஒன்று. மாவு ஒட்டிய விரல்கள், மருதாணி போட்ட விரல்கள், ஒரு வாரம் கொஞ்சம் வீங்கிய விரல்கள். ஒன்றில் மட்டும் மேஸ்திரி காலை உதறிவிட, போன் மேலே போய், "யோவ், ஒயுங்கா புடிக்கத் தெரியாதா" என்று அவள் என்னைத் திட்டும் வாய் பாதி விழுந்திருக்கிறது. நகம் தெரியவில்லை என்று சிஸ்டர் அதை ஏற்றுக்கொள்ளவில்லை. எனக்கு அதுதான் நன்றாக வந்த படம்.