மாமியின் ஒரே வசனம்

ரீவியை மூடியிருந்த வெள்ளைத் துணியில் இம்மாகுலேற் கை வைத்ததும் அஞ்சலீனா பெரியம்மா செபமாலையைப் பாதியில் நிறுத்திவிட்டாள்.

"உனக்கென்ன விசரே? செத்தவீட்டில ரீவி போடுறதோ? சனம் என்ன கதைக்கும்?"

"மாமியின்ர படம், பெரியம்மா. மூண்டு மணிக்குப் போகுது. பேப்பரில கிடக்கு."

மாஜரி மாமி வெள்ளைக்காரி. முந்தாநாள் ஆஸ்பத்திரியில் கண்ணை மூடினாள், நாளைக்கு அடக்கம். செபமாலைமுத்து மாமாவைக் கட்டி லண்டனில் இந்த மோர்டன் வீட்டுக்கு வருமுன் பத்துப் பன்னிரண்டு படங்களில் தலைகாட்டியிருந்தாள். நர்ஸ், பஸ்ஸுக்கு நிற்பவள், ஒன்றில் பிணம். பிணம் மூச்சுவிட்டது திரையில் தெரிந்து டைரக்டர் ஏசினாராம். வாய் திறந்து பேசியது ஒரேயொரு படத்தில், ஒரேயொரு வசனம்.

இம்மாகுலேற் எண்பத்தைந்தில் லண்டன் வந்து இறங்கியபோது மாமிக்குப் பாரிசவாதம் வந்து பேச்சுப் போயிருந்தது. நாலு வருஷமாய்க் குளிக்க வார்த்தவள், தலை இழுத்துவிட்டவள், சூப் பருக்கியவள் எல்லாம் இவள்தான். மாமியின் குரல் மட்டும் எப்படியென்று தெரியாது. இன்றைக்கு விட்டால் அதை எங்கே போய்த் தேடுவது?

"போடு பிள்ளை" என்றார் மூலையிலிருந்த மாமா.

"தம்பி, நீயுமோ?"

"அவவின்ர படத்தை அவவின்ர செத்தவீட்டில பாக்காமல் வேற எங்க பாக்கிறது, அக்கா?"

கறுப்பு வெள்ளைப் படம். பெரியம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரத்தில் கதிரையை முன்னுக்கு இழுத்தாள்.

"இவவோ?"

"இல்லை."

"அப்ப அந்தத் தொப்பிக்காரியோ?"

"பொறுங்கோ அக்கா."

படத்தில் யாரோ மணியடித்தார்கள். ஏப்ரன் கட்டிய ஒரு சின்னப்பெட்டை கதவைத் திறந்தாள். மாமா நிமிர்ந்து உட்கார்ந்தார். டாக்டர் வெளியே போயிருக்கிறார், காத்திருக்கிறீர்களா ஐயா என்று அவள் ஆங்கிலத்தில் கேட்டாள். கட்டையான, கரகரத்த குரல். கதவு சாத்திக்கொண்டது. அவ்வளவுதான்.

இம்மாகுலேற்றுக்குச் சந்தோஷத்தில் கண் கலங்கிவிட்டது. "என்ன வடிவான குரல், மாமா!"

மாமா இல்லையென்று தலையாட்டினார். "அண்டைக்கு அவவுக்குச் சரியான தடிமன், மூக்கடைச்சுத் தொண்டையும் கட்டிப்போச்சு. எனக்குச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பா. அது அவவின்ர குரலில்லை பிள்ளை."

"அப்ப எப்பிடி இருக்கும்?"

மாமா அந்த வசனத்தை அவளைப்போலச் சொல்லிப் பார்த்தார். வந்தது அவருடைய குரல்தான். எழுந்து போய் ரீவியை நிறுத்தினார். துணியை விரித்துப் போர்த்தி, ஒரு பக்கம் தாழ்ந்திருந்த மூலையை இழுத்துச் சரிசெய்தார். பெரியம்மா விட்ட மணியைத் தேடிப் பிடித்துச் செபமாலையைத் தொடர்ந்தாள்.