ஒட்வார் போட்ட ஒற்றைக் கோடு

1

இந்தக் கதை ஒரு மின்னஞ்சலில் பிறந்தது. நான் வேலை பார்த்த பிசின் ஆலையின் பழைய ஆட்கள் வைத்திருக்கும் முகநூல் குழுவில் என்னைத் தேடிப் பிடித்து, நார்வேயிலிருந்து சில்யெ என்ற பெண் எழுதியிருந்தாள். அவள் அப்பா ஒட்வாருக்கு எண்பத்திரண்டு வயது. முதியோர் இல்லத்தில் இருக்கிறார். எல்லாம் மறந்துகொண்டே வருகிறது. ஒரு கேள்வியை மட்டும் தினமும் கேட்கிறாராம்: "ஜொகூரில் நான் எங்கே தவறினேன்?" உங்களுக்குத் தெரியுமா என்று கேட்டிருந்தாள்.

தெரியும். அதனால்தான் மூன்று வாரமாக எழுதுவதும் அடிப்பதுமாக இருக்கிறேன்.

2

முதல் தொடக்கம்: நார்வேயின் மீன்பிடி ஊரொன்றில் பிறந்து, வேதியியல் படித்து, நாற்பது ஆண்டுகள் பெயிண்டுக்கான பிசின் காய்ச்சிய ஒட்வார் அவர்கள்...

[அடித்துவிட்டேன். இரங்கல் செய்தி போல இருக்கிறது. மனிதர் உயிரோடுதான் இருக்கிறார். – க.]

(அடித்ததை ஏன் அழிக்கவில்லை என்கிறீர்களா? எங்கள் ஆய்வுக்கூடத்தில் ஒட்வார் வைத்த விதி அது. தப்பான எண்ணின் மேல் ஒரே கோடு. எண் வாசிக்கத் தெரிய வேண்டும். பக்கத்தில், தவறியவரின் பெயரெழுத்து. நான் கஸ்தூரி, ஆகவே க.)

இரண்டாம் தொடக்கம்: மலேசியாவின் ஜொகூர் மாநிலத்தில் பாசிர் கூடாங், 1996. கம்பெனி கொடுத்த கார் சும்மா நிற்க, முழங்கால் இரண்டும் வெளியே நீட்டிக்கொண்டு, கப்சாய் என்னும் சின்ன மோட்டார் சைக்கிளில் வருவார் அந்த நெட்டை வெள்ளைக்காரர். ஷிப்டில் எல்லாருக்கும் அவர் 'ஓதுவார்'. கொதிக்கும் பிசினை முகர்ந்தே "இன்னும் இருபது நிமிடம்" என்பார். சரியாக இருக்கும். ஆலை பஸ்ஸில் வீடு திரும்பினால் என் கூந்தலிலும் அந்த வாசனைதான். இப்போதும் எங்காவது புதுப் பெயிண்ட் அடித்திருந்தால் கொஞ்சம் நின்றுவிட்டுத்தான் போகிறேன். அந்த நாட்களுக்கு ஏங்குகிறேன், எனக்கு அந்த உரிமை இல்லாவிட்டாலும்.

3

இனி காளிதாஸ்.

[இந்தப் பாத்திரத்தை நம்ப முடியவில்லை. கதைக்கு ரொம்ப வசதியாக வந்து நிற்கிறார். ஆனால் இருபத்தெட்டு வருடமாக என் கணவர், மாற்ற முடியாது. – க.]

அரைமணிக்கு ஒரு தடவை கொப்பரையிலிருந்து சேம்பிள் எடுத்து, அமில அளவு பார்த்து எழுதுவது என் வேலை. அளவு இறங்கியதும் சூட்டை நிறுத்தாவிட்டால் பிசின் உள்ளேயே கல்லாகிவிடும். ஒருநாள் மாலை நாலு மணிக்கு, அப்போது கொப்பரைப் பகுதியில் வேலை பார்த்த, இன்னும் கணவராகாத காளிதாஸ், தே தாரிக் டீப் பொட்டலத்தோடு ஜன்னலோரம் நின்றார்.

"கொஞ்சம் நில்லு லா. எப்பப் பார்த்தாலும் வேலைதானா?"

"சேம்பிள் எடுக்கணுங்க."

"அது எங்க ஓடிப்போகுது?"

நின்றேன். சேம்பிள் எடுக்காமலே, முந்தைய எண்ணைப் பார்த்து உத்தேசமாக ஒன்றை எழுதினேன். நாலரைக்குள் எட்டு டன் பிசின் இறுகிவிட்டது. காளிதாஸும் நாலு பேரும் உள்ளே இறங்கி ஒன்பது நாள் உளியால் வெட்டி எடுத்தார்கள். அவருடைய வலது தோள் இன்றுவரை மேலே எழும்பாது.

4

ஒட்வார் பதிவேட்டைத் திறந்தார். "சேம்பிள் எடுத்தாயா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். நான் பேனா மூடியைத் திருகிக்கொண்டிருந்தேன். என் பிறந்த வீட்டில் சம்பளம் வாங்கும் ஒரே ஆள் நான் என்று அவருக்குத் தெரியும். அந்த எண்ணின் மேல் ஒரே கோடு இழுத்து, பக்கத்தில் தன் பெயரெழுத்தைப் போட்டார். மறுமாதம் அவரை ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். வழியனுப்பக்கூட நான் போகவில்லை.

தோள் வலிக்கும்போதெல்லாம், "எல்லாம் அந்த ஓதுவார் செஞ்ச வேலை" என்பார் காளிதாஸ். நான் ரசம் ஊற்றுவேன்.

எனக்காகச் சொன்ன பொய்யை இப்போது ஒட்வாரே நம்பிவிட்டார். அதுதான் தாங்கவில்லை.

5

முடிவு ஒன்று: நார்வேக்குப் பறந்து, அவர் கையைப் பிடித்துக்கொண்டு... [அடித்தேன். என்னிடம் பாஸ்போர்ட்டே இல்லை. – க.]

முடிவு இரண்டு: "எனக்குத் தெரியாது" என்று சில்யெவுக்குப் பதில். [அடித்தேன். இத்தனை வருடமும் அதைத்தானே செய்தேன். – க.]

இன்று காலை பதில் போய்விட்டது: "தவறியது நான். உங்கள் அப்பா கோடு மட்டும்தான் போட்டார். அவரிடம் சொல்லுங்கள். மறந்தால் மறுபடியும் சொல்லுங்கள்."

இம்மாதிரிக் கதைகளில் முடிவை வாசகரிடம் விடுவார்கள். நானும் விடுகிறேன், ஆனால் உங்களிடம் இல்லை. முதல் நான்கு பகுதிகளை அச்செடுத்துக் காளிதாஸின் பேப்பருக்கு மேலே வைத்தேன். "என்ன இது, என் பேரெல்லாம் இருக்கு?" என்று சிரித்துக்கொண்டேதான் ஆரம்பித்தார். இப்போது சிரிப்பு இல்லை. அவருடைய தே ஆறிக்கொண்டிருக்கிறது. எதிரே உட்கார்ந்து இந்தக் கடைசித் தாளைக் கையால் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

படித்து முடித்துவிட்டார். என்னைப் பார்க்கவில்லை. இந்தத் தாளுக்காக இடது கையை நீட்டுகிறார்.