பதினோராவது பர்வம்

கணவனின் தலைமாட்டில் விளக்கேற்றிய கையோடு ஜெகதாம்பாள் தெருவில் இறங்கி நடந்தாள். வாசலில் பந்தல் கால் நட்டுக்கொண்டிருந்தவர்கள் கடப்பாரையை நிறுத்திவிட்டு அவளையே பார்த்தார்கள். புருஷன் செத்த வீட்டுக்காரி படி தாண்டிப் போவதை அந்தத் தெரு அதுவரை கண்டதில்லை.

"யாராச்சும் புடிங்கடி அவள! புத்தி பெரண்டு போச்சு போலருக்கு" என்று உள்ளேயிருந்து கத்தினாள் செல்வம்மாள். செத்துப்போன கண்ணையன் வாத்தியாருக்கு அவள் அக்காள். தம்பிக்கு முடியவில்லை என்று உடையார்பாளையத்திலிருந்து வந்து தங்கியிருந்தவள். விடியற்காலையில் உயிர் பிரிந்ததிலிருந்து அழுது தொண்டை கட்டியிருந்தது. கட்டிப்பிடித்து அழவேண்டிய தம்பி பெண்டாட்டி எழுந்து போய்விட்டால் யாருக்குத்தான் கோபம் வராது?

ஜெகதாம்பாள் போனது எதிர்வீட்டுக்கு. அங்கே இருசம்மாள் டிரங்குப் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு காத்திருந்தாள். இளம் வயதிலேயே புருஷனை இழந்து, இட்லி விற்றுப் பிழைக்கிறவள். பழைய சேலைத் துணியில் சுற்றிய புத்தகம் ஒன்றை எடுத்து நீட்டினாள்.

"வருவேன்னு தெரியும். வேப்பெல மாத்தி மாத்தி வெச்சேன். ஒரு பூச்சி தொடல, பாத்துக்க."

"நீ நல்லாருக்கணும் இருசு" என்று சொல்லி வாங்கிக்கொண்டாள். அப்போதுதான் அவளுக்கு அன்றைக்கு முதல் தடவையாகக் கண் கலங்கியது.

அந்தப் புத்தகம் எதிர்வீட்டுப் பெட்டியில் கிடந்ததற்குக் காரணம் உண்டு. கண்ணையன் அரியலூரில் பள்ளிக்கூடத் தமிழ் வாத்தியார். சமஸ்கிருதம் அவருக்குச் சோறு போடவில்லை, சோற்று நேரத்தைத்தான் தின்றது. தபால் வழியாகவும் கும்பகோணத்துக்குப் பஸ் ஏறிப் போயும் அதைப் படித்தார். தம்பி தர்மராஜ் கட்சிக்காரர். "இந்தி வேணாம்னு நான் தண்டவாளத்துல படுத்தேன். எங்கண்ணன் என்னான்னா இந்திக்கே அம்மாயி முறை ஆவுற மொழியக் கொண்டாந்து வூட்டுல குந்த வெச்சுருக்காரு" என்று கல்யாண வீடு, காதுகுத்து வீடு என்று ஓரிடம் விடாமல் சொல்லித் திரிந்தார். கண்ணையன் கேட்டுச் சிரிப்பார், கோபப்பட்டதில்லை.

பெரிய இதிகாசத்தின் பதினெட்டுப் பர்வங்களையும் வரிக்கு வரி ஒப்பிட்டுப் பார்ப்பதுதான் அவர் எடுத்துக்கொண்ட வேலை. தெற்கே கிரந்த எழுத்தில் அச்சான பழைய பதிப்பு ஒரு பக்கம், வடக்கே நாகரியில், அதாவது இந்தி எழுத்தில், அச்சானது மறுபக்கம். எந்த வரி எதில் இருக்கிறது, எந்தச் சொல் எங்கே மாறுகிறது என்று குறிக்கவேண்டும். ஒரே ஆள் இரண்டையும் பார்த்தால் கண் வரி தாண்டிவிடும். அதற்கு ஒருவர் படிக்க ஒருவர் பார்க்கவேண்டும். கிரந்த எழுத்து தமிழுக்குப் பக்கத்துவீடு மாதிரி. எட்டாவது படித்த ஜெகதாம்பாள் ஒரே மார்கழியில் அதைக் கற்றுக்கொண்டுவிட்டாள். பொருள் தெரியாது, வாய் மட்டும் படிக்கும்.

இரவுச் சாப்பாடு முடிந்ததும் உட்காருவார்கள். அவள் பாதி சுலோகம் படிப்பாள். நாகரிப் புத்தகத்தில் அது அப்படியே இருந்தால் அவர் "ம்" என்பார். மாறியிருந்தால் "இரு" என்று பென்சிலை எடுப்பார். இப்படியே வருஷங்கள் போயின. படித்த பகுதியின் கதையைப் படுக்கப் போகுமுன் அவளுக்குச் சொல்லிவிடுவார், அதுதான் அவளுக்குக் கூலி. யார் யாருக்கு மாமன், எவன் எவனை ஏமாற்றினான் என்று அவளும் கேள்வி மேல் கேள்வி கேட்பாள்.

பத்துப் பர்வம் முடிந்தது. பதினோராவதை அவர் அவள் கையில் கொடுத்தபோது, "இதுல என்னங்க வருது?" என்று கேட்டாள். போரில் செத்துக் கிடக்கிற புருஷன்மார்களைத் தேடிக்கொண்டு பெண்கள் வந்து அழுகிற இடம் என்றார். அவள் புத்தகத்தைக் கீழே வைத்துவிட்டாள். அவள் பிறந்தது திருமழபாடிப் பக்கம். அங்கே கோயிலில் கதை வாசிக்கும்போது இந்த இடம் வந்தால் தாலி கட்டின பெண்கள் எழுந்து வீட்டுக்குப் போய்விடுவார்கள். காதால் கேட்கவே ஆகாது என்கிறதை வாயால் படிப்பதா?

"இது நம்ம வூட்டுக்குள்ளயே இருக்கக்கூடாதுங்க" என்றாள். அவர் வாதாடவில்லை. இருசம்மாள்தான், "எங்கிட்ட குடு. இனிமே அது என்னைய என்னா பண்ணிடும்?" என்று வாங்கிக்கொண்டு போனாள். மறுநாளிலிருந்து பன்னிரண்டாவதைப் படித்தார்கள். பதினெட்டு வரைக்கும் முடித்தார்கள்.

தஞ்சாவூரிலிருந்து ஒரு பதிப்பாளர் வீடு தேடி வந்தார். கட்டுக்கட்டாகக் கிடந்த தாள்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு, அச்சுப் போடலாம் என்றார். பிறகு நிமிர்ந்து, "பதினோராவது எங்க சார்?" என்றார்.

"நல்ல பிரதி கெடைக்கலீங்க" என்றார் கண்ணையன்.

காப்பி டம்ளரோடு நின்றிருந்த ஜெகதாம்பாள் வாசல் வழியாக எதிரே பார்த்தாள். நல்ல பிரதி எதிர்வீட்டில் இருந்தது. கிடைத்ததும் எழுதுங்கள் என்று சொல்லிவிட்டுப் பதிப்பாளர் போனார். தாள்கள் பரணுக்குப் போயின. "வேற ஆள வெச்சாவது படிச்சுக்கங்களேன்" என்று அவளே ஒருநாள் கேட்டாள். "ஒன் வாயிக்குப் பழகுன காது இது. நீ எங்க எழுத்த முழுங்குவேன்னு எனக்குத் தெரியும். வேற ஆள் படிச்சா எது பாடம், எது நாக்குக் கோளாறுன்னு எப்புடிக் கண்டுபுடிக்கிறது?" என்றார். உண்மைக் காரணம் அதுவல்ல என்று அவளுக்குத் தெரியும். அவளுக்குப் பயமாக இருக்கிற ஒன்றை அவள் முதுகுக்குப் பின்னால் செய்ய அவருக்கு மனம் வராது. ஒரு நாளாவது முகம் சுளித்திருந்தால் அவளும் பதிலுக்குச் சண்டை போட்டு ஆறியிருப்பாள். அதற்கும் அவர் இடம் கொடுக்கவில்லை.

சிறுநீரகம் கெட்டு, தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் இனிமேல் வீட்டுக்குக் கொண்டுபோங்கள் என்றுவிட்ட பிறகு, போன வாரம் அவளே அவர் கட்டிலருகே போய் உட்கார்ந்தாள்.

"அந்தப் புஸ்தகத்தக் கொண்டாரட்டுமா? படிச்சுடறேன்."

வீங்கிய இமைகளைத் திறந்து அவர் அவளை நன்றாகப் பார்த்தார். "பயமா இருக்குல்ல?"

"இருக்குங்க."

"அப்ப வேணாம். பயந்துக்கிட்டே படிச்சா எழுத்தெல்லாம் முழுங்குவ. நான் போனப்பறம் படி. அப்ப பயப்படறதுக்கு ஒண்ணும் இருக்காது." சொல்லிவிட்டுச் சிரித்தார். அவள் அவர் வாயைப் பொத்தப் போனாள். அவர் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார். "பதினேழு பர்வம் எங்காதுல ஊத்தியிருக்க ஜெகதா. எந்தப் பண்டிதனுக்கு இது கெடச்சிருக்கும்? எனக்குக் கொறையே இல்ல."

அதன் பிறகு அவர் அவ்வளவு நீளமாகப் பேசவே இல்லை.

ஜெகதாம்பாள் புத்தகத்தோடு திரும்பி வந்து அவர் தலைமாட்டில் பாய் போட்டு உட்கார்ந்தாள். மகள் அம்சவள்ளியைக் கூப்பிட்டாள். பாடாலூரில் கட்டிக்கொடுத்த மகள். சித்தப்பா என்ன குதித்தும் கேட்காமல் அப்பா இந்தி டியூஷனுக்கு அனுப்பியதில் அவளுக்கு நாகரி எழுத்துத் தெரியும்.

"அப்பா புஸ்தகத்த எடுத்தாந்து இப்புடிக் குந்து. நான் படிக்கப் படிக்க நீ பாரு. சரியா இருந்தா ம் சொல்லு."

"இப்பவாம்மா?"

"அவுங்க வூட்டுல இருக்கறப்பவே முடிச்சுடணும். அப்பறம் யாருக்குப் படிக்கிறது?"

அம்சவள்ளி அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு எழுந்து போய்ப் புத்தகத்தை எடுத்துவந்தாள். ஜெகதாம்பாள் துணியைப் பிரித்தாள். முதல் வரியில் விரல் வைத்தாள். படிக்கத் தொடங்கினாள். பாதி சுலோகத்தில் நிறுத்தினாள். மகள் விரலால் வரியைத் தேடிப் பிடித்து, "ம்" என்றாள்.

இழவுக்கு வந்த பெண்கள் ஒருத்தியை ஒருத்தி பார்த்துக்கொண்டார்கள். செல்வம்மாள் கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்தாள். பிறகு வெடித்தாள்.

"ஏண்டி, இது அடுக்குமா? பொணத்த வெச்சுக்கிட்டு ஒரு சொட்டுக் கண்ணீர் இல்ல, ஒரு சொல்லு அழுவ இல்ல. ஆயிங் கோயிங்னு என்னத்தையோ படிச்சுக்கிட்டுக் கெடக்கறியே! எந்தம்பி உனக்கு என்னடி கொற வெச்சான்?"

"ஒரு கொறயும் வெக்கல அத்தாச்சி. அதனாலதான் படிக்கிறேன்" என்றாள் ஜெகதாம்பாள். தலையைக்கூட நிமிர்த்தவில்லை. அடுத்த வரிக்குப் போய்விட்டாள்.

அம்சவள்ளிதான் அத்தையின் கையைப் பிடித்து இழுத்துப் பக்கத்தில் உட்காரவைத்தாள். "அத்தே, இதுவும் ஒப்பாரிதான். போர்ல செத்துப் போனவங்க பொண்டாட்டிங்க, அம்மாங்க, அக்கா தங்கச்சிங்க எல்லாம் பொணத்தத் தேடிக்கிட்டு வந்து அழுவுறாங்க. ஒரு அம்மா நூறு புள்ளைங்களையும் பறிகொடுத்துட்டு நிக்கிறா."

"நூறா?"

"நூறும் செத்துப் போச்சு."

செல்வம்மாள் மூக்கைச் சிந்தி முந்தானையில் துடைத்துக்கொண்டாள். அவளுக்கும் ஒரு பிள்ளை வைசூரியில் போயிருக்கிறது. தம்பியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒப்பாரின்னா சத்தமாப் படிக்கச் சொல்லு. இது என்னா, கணக்குச் சொல்ற மாதிரி?" என்றாள்.

ஜெகதாம்பாள் சத்தமாகவே படித்தாள். பெண்கள் வந்தார்கள், அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். அவள் அவர்கள் முதுகைத் தடவிக்கொடுத்துவிட்டு விட்ட இடத்தில் விரல் வைத்துத் தொடர்ந்தாள். எழுத்து ஒன்றையும் முழுங்கவில்லை. அவர் சொன்னது சரிதான், பயம் போய்விட்டிருந்தது. பயம் இருந்த இடத்தில் இப்போது நன்றிதான் இருந்தது. ஒரு பெண்பிள்ளையின் பயத்துக்காகத் தன் ஆயுசு வேலையைப் பரணில் போட்டுவிட்டு, அதைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லாமல் அவள் கையால் சாப்பிட்டுவிட்டுப் போயிருக்கிறார். இப்படிப்பட்ட மனிதனோடு வாழக் கொடுத்துவைத்திருந்தோமே என்று நினைத்துக்கொண்டாள். கண்ணீர் வந்தபோது புத்தகத்தில் விழாமல் தலையைத் திருப்பிக்கொண்டாள்.

நெய்வேலியிலிருந்து தர்மராஜ் வந்து சேர மத்தியானம் ஆகிவிட்டது. கொள்ளி வைக்கவேண்டியவர் அவர். அண்ணன் காலைப் பிடித்துக்கொண்டு வாய்விட்டு அழுதார். அழுது முடிந்து நிமிர்ந்தபோதுதான் காதில் விழுந்தது. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு அண்ணியைப் பார்த்தார், மகள் முறையானவளின் மடியில் நாகரிப் புத்தகத்தைப் பார்த்தார்.

"பொழுதுக்குள்ள எடுக்கணும் அண்ணி. ஊர்க்காரவங்க காத்துக்கிட்டு இருக்காங்க."

"செத்த பொறுங்க தம்பி. அவுங்க வேல கொஞ்சம் பாக்கி இருக்கு."

"எவ்ளோ?"

அம்சவள்ளி மிச்சமிருந்த தாள்களை இரண்டு விரலுக்கு நடுவில் பிடித்துக் காட்டினாள். தர்மராஜ் அதையும் அண்ணன் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். வெளியே வாசலில் பறைச்சத்தத்தில் பந்தலே அதிர்ந்துகொண்டிருந்தது. அவர் எழுந்து போனார். கொஞ்ச நேரத்தில் மேளம் நின்றது.

"என்னாங்க, எடுத்துடலாமா?" என்று யாரோ கேட்டார்கள்.

"இல்ல. உள்ள எங்கண்ணி படிக்கிறாங்க. காதுல விழணும்ல?" என்றார் தர்மராஜ்.

கூடம் அமைதியாகிவிட்டது. ஜெகதாம்பாளின் குரல் மட்டும் கேட்டது. பாதி சுலோகம், பிறகு மகளின் "ம்". எங்கோ ஓரிடத்தில் மகள் "இரு" என்றாள், அப்பாவின் பென்சிலால் ஓரத்தில் குறித்துக்கொண்டாள். செல்வம்மாள் தம்பியின் கால்மாட்டில் உட்கார்ந்து, ஒன்றும் புரியாமல், வரிக்கு வரி தலையை ஆட்டிக்கொண்டிருந்தாள்.

வெயில் சாயத் தொடங்கியதும் பெரியவர்கள் நீர்மாலைக்குக் குடம் எடுக்கச் சொன்னார்கள். கடைசியாக அவரைக் குளிப்பாட்ட வீட்டுப் பெண்கள் போய்த் தண்ணீர் கொண்டுவரவேண்டும். செல்வம்மாள் குடத்தோடு வந்து நின்றாள். ஜெகதாம்பாள் கடைசி அத்தியாயத்தில் இருந்தாள். படித்துக்கொண்டே வந்தவள் ஒரு சொல்லில் நின்றாள். அது சமஸ்கிருதம் தெரியாதவர்களுக்கும் தெரிந்த சொல், கங்கை.

"எல்லாரும் ஆத்தங்கரைக்கு வந்துட்டாங்க" என்றாள்.

"யாரு?" என்றாள் செல்வம்மாள்.

"இந்தப் பொம்பளைங்கதான். தண்ணி விடறதுக்கு வந்துட்டாங்க."

மிச்சமிருந்த சுலோகங்களை நிதானமாகப் படித்தாள். கடைசி வரிக்கு அம்சவள்ளி "ம்" என்றாள். ஜெகதாம்பாள் புத்தகத்தை மூடி அவர் தோளருகே வைத்தாள். எழுந்தபோது கால் மரத்திருந்தது. செல்வம்மாள் கை கொடுத்தாள். குடத்தை வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டு அவர் முகத்துக்கு நேராகக் குனிந்தாள்.

"போயிட்டு வரேங்க" என்றாள்.

இழவு வீட்டில் யாரும் சொல்லக்கூடாத சொல் அது. செல்வம்மாள் காதிலும் விழுந்தது. அவள் இன்னொரு குடத்தை எடுத்துக்கொண்டு பின்னால் நடந்தாள்.